விளக்குக்கு நின்றவள்

நவம்பர் 4, திங்கள்

பிரஷர் மாத்திரை வாங்கிக்கொண்டு திரும்பினால், வாசலில் வேதபுரீசன் ஸ்கூட்டரில் உட்கார்ந்திருந்தார். எங்கள் ஊர்த் திரைப்பட மன்றத்தின் செயலாளர். ஒரு காலத்தில் என்னிடம் பிரெஞ்சு படித்தவர். இப்போது அவருக்கே வழுக்கை.

“சார், சொலாஞ் வெர்தியே வர்றாங்க சார், நம்ம ஊருக்கு! டிசம்பர் பதினாலு. அவங்க நடிக்க வந்து அம்பது வருஷம். பதினோரு படம் போடுறோம். எல்லாத்துக்கும் தமிழ்ல சப்டைட்டில் வேணும். மேடையில அவங்க பேசுறதையும் யாராவது தமிழ்ல சொல்லணும்.”

“அதுக்கு ஊர்ல நிறையப் பேர் இருக்காங்க.”

“இருக்காங்க சார். பாதிய முழுங்கிடுவாங்க. நீங்க ஒரு கமாவைக்கூட விட மாட்டீங்க. நான் ஒரு வரிய சொந்தமா சேத்து எழுதுனதுக்கு சைபர் போட்டீங்களே, மறந்துட்டீங்களா?”

முடியாது என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். “குடு” என்று வந்தது.

அவர் கொடுத்த, படங்கள் இருந்த பென் டிரைவைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு உள்ளே போனேன். அக்கா நெத்திலி ஆய்ந்துகொண்டிருந்தாள். யார் என்று கேட்டாள். பழைய மாணவன் என்றேன். அதில் பொய் ஒன்றும் இல்லை.

நவம்பர் 6, புதன்

ஒரு வரியில் முப்பத்தைந்து எழுத்துக்கு மேல் போகக்கூடாது. ஒரு நேரத்தில் இரண்டு வரி. பார்ப்பவர் படித்து முடித்து, நடிகையின் முகத்தையும் ஒரு தடவை பார்த்துக்கொள்ள நேரம் விட வேண்டும். வகுப்பில் கரும்பலகையில் எழுதிப்போட்டுப் பையன்கள் நோட்டில் இறக்கும்வரை காத்திருப்போமே, அதே கணக்குதான். முப்பத்தாறு வருடம் காத்திருந்தவனுக்கு இது கடினமில்லை.

இரண்டாவது படத்திலிருந்து தொடங்கினேன். முதல் படத்தைக் கடைசிக்கு வைத்திருக்கிறேன். விடைத்தாள் கட்டில் எந்தத் தாளைத் திருத்த மனம் வராதோ அதை அடியில் சொருகி வைப்பது என் பழக்கம்.

நவம்பர் 9, சனி

மூன்றாவது படம். அவளுக்கு முப்பது வயது. கணவன் வேறொருத்தியோடு போய்விட்டான் என்று தொலைபேசியில் கேட்கிறாள். அழவில்லை. தொலைபேசியை வைத்துவிட்டு, உரித்துக்கொண்டிருந்த பட்டாணியைத் தொடர்ந்து உரிக்கிறாள். ஒரு பட்டாணி கீழே விழுகிறது. குனிந்து எடுக்கிறாள். எழுந்திருக்கவில்லை.

நன்றாக நடிக்கிறாள். யார் எழுதிய தாளாக இருந்தாலும் சரியான விடைக்கு மதிப்பெண் போட்டாக வேண்டும். போட்டுவிட்டேன்.

மின்கட்டணம் கட்டினேன். அக்காவின் முழங்காலுக்கு எண்ணெய்.

நவம்பர் 13, புதன்

முப்பத்தாறு வயதிலிருந்து நாற்பதுவரை அவளுக்குப் படமே இல்லை. மன்றத்துக்கு அனுப்பியிருக்கும் சிறு புத்தகத்தில் ‘ஓய்வெடுத்த ஆண்டுகள்’ என்று போட்டிருக்கிறார்கள். யாரும் கூப்பிடவில்லை என்பதை அப்படியும் சொல்லலாம். அந்தப் பக்கத்தை இரண்டு முறை படித்தேன். டீயில் ஒரு கரண்டி சர்க்கரை கூடப் போட்டுக்கொண்டேன்.

மாலை கடற்கரைச் சாலையில் லூர்துநாதன் எதிர்ப்பட்டார். ஊரே அவரை மரியாதையாக முசே என்று கூப்பிடும். பிரெஞ்சுப் படையில் வேலை பார்த்து ஓய்வூதியத்தோடு திரும்பியவர்களை, பிரெஞ்சுக்காரர்கள் ஆண்டுவிட்டுப் போன எங்கள் ஊரில் சொல்தா என்போம். மிச்சமிருக்கும் சொல்தாக்களில் இவர்தான் மூத்தவர். எண்பத்தெட்டு வயது. மன்றத்தின் கௌரவத் தலைவர் வேறு.

“என்ன தனிஸ்லாஸ், நீதான் மேடையிலயாமே? நல்லதுடா. அந்த முதல் படத்தையும் போடுறோம். நம்ம ஊர்ல எடுத்தது!” குரலைத் தாழ்த்துவதாக நினைத்துக்கொண்டு சத்தமாகவே சொன்னார். “உங்க வீட்டுக்கும் அதுல ஒரு பெருமை இருக்கே. உலகமே பார்த்த முதுகு!”

கைத்தடியால் என் காலை லேசாகத் தட்டிச் சிரித்தார். நானும் சிரித்தேன். நான் சிரித்ததை இங்கே எழுதி வைக்கிறேன்.

நவம்பர் 16, சனி

கட்டின் அடியிலிருந்த தாளை இன்று எடுத்தேன்.

‘தென்கரை வீடு.’ 1974 தையில் எங்கள் ஊரில் படம் பிடித்தார்கள். அவளுக்கு இருபத்து மூன்று வயது, முதல் படம். ஒரு காட்சிக்கு விளக்குகளைச் சரிசெய்ய ஒரு மணி நேரம் ஆகும். அதுவரை நடிகை வெயிலில் நிற்க மாட்டாள். அவளுடைய உயரமும் உடல்வாகும் உள்ள வேறொரு பெண் அவள் இடத்தில் நிற்பாள். விளக்கு சரியானதும் அந்தப் பெண் விலகிக்கொள்வாள், நடிகை வந்து நிற்பாள். அப்படி நிற்பதற்கு ஊரில் பெண் தேடினார்கள். என் அக்கா அமலோற்பவத்துக்கு இருபத்தொரு வயது. உயரம். மாதா கோயில் பாடல்குழுவில் எல்லோருக்கும் பின்னால் நின்றாலும் தெரிவாள். அப்பா பெருமையாக அனுப்பினார். இருபத்தேழு நாள் போய் நின்றாள்.

படத்தில் ஒரு காட்சி. விடிகாலை. கதாநாயகி ஆடையில்லாமல் நமக்கு முதுகைக் காட்டிக் கடலுக்குள் நடக்கிறாள். பதினெட்டு விநாடி. மங்கல் வெளிச்சத்தில் தோலின் நிறமும் தெரியாது, முகமும் தெரியாது. அந்தப் பதினெட்டு விநாடிதான் அவளை உலகத்துக்குக் காட்டியது. அவளிடம் ஒரு பிரெஞ்சுப் பத்திரிகை அதைப் பற்றிக் கேட்டது. அது நான் இல்லை, விளக்குக்கு நின்ற உள்ளூர்ப் பெண் என்று சொன்னாள். அந்தப் பத்திரிகை எங்கள் வீட்டுக்கு வந்தது. வாசிக்கப்பட்டது. அக்காவின் கல்யாணம் நின்றது.

அக்கா பிறகு தொலைபேசி நிலையத்தில் வேலைக்குச் சேர்ந்தாள். முப்பத்து நான்கு வருடம். ஊர் முழுக்க அவள் குரலைக் கேட்டது. முகத்தை யாருக்கும் காட்ட வேண்டியதில்லை. ஞாயிற்றுக்கிழமை இன்றுவரை ஐந்து மணி முதல் பூசைக்குத்தான் போகிறாள். இருட்டோடு போய் இருட்டோடு வந்துவிடுவாள்.

இந்தக் காட்சிக்கு சப்டைட்டில் தேவையில்லை. யாரும் பேசுவதில்லை.

நவம்பர் 19, செவ்வாய்

கண்டுபிடித்துவிட்டேன்.

ஆறாவது படம். 1991. அவள் நிமோனியாக் காய்ச்சலில் கிடக்கிறாள். மருத்துவர் சட்டையைத் தூக்கி முதுகில் குழாய் வைத்துப் பார்க்கிறார். இடது தோள்பட்டை எலும்புக்குக் கீழே ஒரு தழும்பு. பிறைபோல வளைந்து, மேல் நுனியில் ஒரு சிறு கொக்கி.

அதை எங்கோ பார்த்திருக்கிறேனே என்று படத்தை நிறுத்தினேன். முதல் படத்தைத் திறந்தேன். பதினெட்டு விநாடியில் பதினோராவது விநாடி. ஈரத் தலைமுடி ஒரு பக்கம் விலகுகிறது. அதே இடம். அதே பிறை. அதே கொக்கி.

சிறு புத்தகத்தை எடுத்தேன். நான்காம் பக்கத்தில் அவளே சொல்கிறாள்: ஒன்பது வயதில் பள்ளிக்கூட வேலியைத் தாண்டியபோது கம்பி கிழித்து முதுகில் ஏழு தையல் போட்டார்களாம்.

இரண்டு பையன்கள் சரியான விடையை ஒரே மாதிரி எழுதினால் சந்தேகப்படக்கூடாது. ஒரே தப்பை ஒரே மாதிரி எழுதினால்தான் பிடிக்க வேண்டும். தழும்பும் அப்படித்தான்.

அது அவளுடைய முதுகேதான். நாற்பத்தொன்பது வருடம் என் அக்காவின் முதுகு என்று ஊர் பேசியது அவளுடையது. பிடித்துவிட்டேனடி.

நவம்பர் 20, புதன்

காலைக் காப்பி முடிந்ததும் அக்காவைக் கூப்பிட்டு உட்காரவைத்தேன். விழாவைப் பற்றி, சப்டைட்டில் பற்றி எல்லாம் சொன்னேன். இரண்டு படங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டினேன். பென்சில் முனையால் தழும்பைச் சுட்டினேன்.

அக்கா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தாள். கழற்றினாள். முந்தானையால் துடைத்தாள்.

“அது நான் இல்லக்கா!” என்றேன். தப்பு. “அது நீ இல்லக்கா!” என்று சொல்ல வந்தேன். குழறிவிட்டது.

“தெரியும்” என்றாள்.

“ஆதாரம் கெடச்சிருச்சுக்கா!”

“அன்னைக்கே சொன்னேனே தம்பி. அப்பாகிட்ட சொன்னேன். உங்கிட்டயும் சொன்னேன். கிணத்தடியில வெச்சு, மாதா மேல சத்தியம் பண்ணி சொன்னேன்.” எழுந்தாள். “அப்ப இத்தினி வருஷமா நீயும் நம்பலையா?”

நம்பாமல் இருப்பேனா என்று சொன்னேன். அவள் அடுப்படிக்குப் போய்விட்டாள்.

நவம்பர் 21, வியாழன்

அக்கா பேசவில்லை. சிலிண்டர் வந்தது.

நவம்பர் 25, திங்கள்

இன்னும் பேசவில்லை. சாப்பாடு மேசையில் மூடி இருக்கிறது, நான் எடுத்துப்போட்டுச் சாப்பிடுகிறேன்.

பதினாறாம் தேதி எழுதியதைப் புரட்டிப் பார்த்தேன். ‘வாசிக்கப்பட்டது’ என்று எழுதியிருக்கிறேன். ஒரு மாணவன் இப்படி எழுதினால் யார் வாசித்தது என்று ஓரத்தில் சிவப்பு மையில் கேட்டிருப்பேன்.

நான்.

1975 ஆகஸ்ட். மாப்பிள்ளை பிரான்சில் வேலை. எங்கள் ஊரில் அதற்கு மேல் ஒரு சம்பந்தம் கிடையாது. தட்டு மாற்ற எட்டுப் பேர் வந்திருந்தார்கள். மாப்பிள்ளையின் தாய்மாமன் லூர்துநாதன். அப்போது மீசை முறுக்கிய நாற்பது வயதுக்காரர். ‘நம்ம ஊர்ப் படத்தைப் பற்றி வந்திருக்கிறது’ என்று மாப்பிள்ளை அனுப்பிய பத்திரிகையைக் கொண்டுவந்திருந்தார். பிரெஞ்சு தெரிந்தவர் சத்தமாக வாசித்துத் தமிழில் சொல்வதும், தெரியாதவர்கள் சுற்றி உட்கார்ந்து கேட்பதும் அந்தக் காலத்தில் எங்கள் வீடுகளில் வழக்கம். கடிதமானாலும் அப்படித்தான், பத்திரிகையானாலும் அப்படித்தான். லூர்துநாதனே வாசிக்க இருந்தார். அப்பாதான், “எம் பையன் படிக்கட்டும், பள்ளிக்கூடத்துல அவன்தான் முதல்” என்றார்.

எனக்குப் பதினாறு வயது. எழுந்து நின்றேன். கேள்வியை வாசித்தேன், தமிழில் சொன்னேன். பதிலை வாசித்தேன், தமிழில் சொன்னேன். “அந்தக் காட்சியில் இருப்பது நான் இல்லை. நான் மறுத்துவிட்டேன். விளக்குக்காக என் இடத்தில் நிற்கும் உள்ளூர்ப் பெண் ஒருத்தி இருந்தாள். அவளுக்கு அந்தக் கூச்சமெல்லாம் கிடையாது.”

தடங்கலில்லாமல் சொன்னேன். ஒரு சொல் விடவில்லை. அடுத்த கேள்விக்கே போய்விட்டேன். கூடத்தில் ஏன் சத்தமில்லை என்று நிமிர்ந்து பார்த்தபோது, மாப்பிள்ளையின் அம்மா காப்பித் தம்ளரைத் தரையில் வைத்தார். குடித்திருக்கவில்லை. விளக்குக்கு நின்றது யார் என்று அப்பா அரை மணி நேரத்துக்கு முன்புதான் அவர்களிடம் பெருமை அடித்திருந்தார்.

அந்த ஒரு பதிலை விட்டுவிட்டுப் படித்திருக்கலாம். யாருக்கும் தெரிந்திருக்காது. அந்த வருடம் மொழிபெயர்ப்பில் எனக்குத்தான் முதல் பரிசு.

பிறகு அக்கா சொல்லச் சொல்ல நடிகைக்கு மூன்று கடிதம் எழுதினேன். ‘அது அவள் இல்லை என்று ஒரு வரி எழுதி அனுப்புங்கள்.’ நல்ல பிரெஞ்சு. எட்டு மாதம் கழித்துப் பதில் வந்தது. அவளுடைய புகைப்படம். கீழே ‘அன்புடன்’ என்று கையெழுத்து.

டிசம்பர் 1, ஞாயிறு

புயல். நேற்று முதல் மின்சாரம் இல்லை. கூடத்தில் கணுக்கால் அளவு தண்ணீர். நானும் அக்காவும் சேர்ந்து வாளியில் மொண்டு வெளியே ஊற்றினோம்.

“அந்த கம்ப்யூட்டர மேல எடுத்து வெச்சியா?” என்று கேட்டாள். பதினோரு நாளில் முதல் பேச்சு.

டிசம்பர் 5, வியாழன்

பதினோரு படமும் முடிந்தது. கடைசிப் படத்தில் அவளுக்கு எழுபது வயது. நினைவு தவறிய கிழவி. மகளை வேலைக்காரி என்று நினைத்து, “நீ நல்லவள், உனக்குக் குழந்தைகள் உண்டா?” என்று கேட்கிறாள். எனக்குக் கண் நிறைந்தது. உடனே எழுந்து முகம் கழுவினேன். அவளுக்காக என் வீட்டில் இனி யாரும் அழக்கூடாது.

ஒரு மாதத்தில் இருபத்து மூன்றிலிருந்து எழுபதுவரை அவளுக்கு வயதாவதைப் பார்த்துவிட்டேன். அந்த முகத்தில் விழுந்த ஒவ்வொரு சுருக்கத்துக்கும் யாரோ விளக்குப் பிடித்திருக்கிறார்கள், படம் பிடித்திருக்கிறார்கள், பரிசு கொடுத்திருக்கிறார்கள். அக்காவுக்கும் அதே ஐம்பது வருடம்தான் போனது. எங்கள் வீட்டில் அவள் புகைப்படம் இரண்டுதான் உண்டு. ஒன்று சின்ன வயதில் கோயிலில் முதன்முதலாகப் புது நன்மை வாங்கியபோது எடுத்தது. மற்றது ஆதார் அட்டையில்.

விழாவின் தொடக்கத்தில் எல்லாப் படங்களிலிருந்தும் துண்டுகளைச் சேர்த்து ஏழு நிமிடம் ஓட்டப்போகிறார்கள். துண்டுகளைத் தேர்ந்தெடுப்பதை வேதபுரீசன் என்னிடமே விட்டுவிட்டார். கடற்கரைக் காட்சி. அதை ஒட்டியே மருத்துவர் காட்சி. இரண்டிலும் தழும்பு தெரியும் இடத்தில் மூன்று விநாடி நிற்கும்படி வைத்திருக்கிறேன். திரை இருபதடி உயரம். அவள் மேடையில் உட்கார்ந்திருக்கும்போதே.

பொறுமையாக இருந்தால் எல்லாம் கைக்கு வரும். பொறுமை வேறு, மன்னிப்பு வேறு.

டிசம்பர் 9, திங்கள்

அக்காவிடம் திட்டத்தைச் சொன்னேன். பாராட்டுவாள் என்று நினைத்தேன் போலிருக்கிறது.

வெங்காயம் நறுக்குவதை நிறுத்திவிட்டுக் கேட்டாள். “இருபதடியா?”

“ஆமாக்கா. யாரும் தப்பிக்க முடியாது.”

“ஒரு பொம்பள முதுக ஊருக்கே விரிச்சுக் காட்டி, இது எம்முதுகு இல்லன்னு நிரூபிக்கணுமாடா எனக்கு? அப்பறம் அந்த லூர்துநாதன் என்ன பண்ணுவான்? ‘எங்க, உன் முதுகையும் காட்டு, ஒத்துப் பாப்போம்’னு கேப்பான். காட்டவா?”

நான் வெங்காயத் தோலைக் கூட்டி அள்ளினேன்.

“எடுத்துரு அத.”

“அப்ப அவள சும்மா விட்டுரணுமா?”

“சும்மா விடுன்னு நான் எங்கடா சொன்னேன்?” கத்தியை மறுபடி எடுத்தாள். “முதுக விட்டுருன்னுதான் சொன்னேன்.”

எடுத்துவிட்டேன். ஏழு நிமிடம் ஆறு நிமிடமாகிவிட்டது.

டிசம்பர் 12, வியாழன்

வந்துவிட்டாள். ஓட்டல் தோட்டத்தில் வேதபுரீசன் அறிமுகம் செய்துவைத்தார். வெள்ளை முடி, நீலச் சால்வை, கைத்தடி. என் பிரெஞ்சைப் பாராட்டினாள். “உங்கள் இலக்கணம் எங்கள் ஊரில் செத்துப்போய்விட்டது” என்றாள். பிடித்துப்போகும்படி பேசத் தெரிந்தவள். அது அவள் தொழில்.

வேதபுரீசன் காரைப் பார்க்கப் போனதும் கேட்டேன். “உங்கள் முதுகில் ஏழு தையல் போட்ட தழும்பு இருக்கிறது. முதல் படத்தில் கடலுக்குள் போகிறவளுக்கும் இருக்கிறது.”

காப்பிக் கோப்பையை வைத்தாள்.

“என் படங்களை இவ்வளவு கவனமாக யாரும் பார்த்ததில்லை, முசே.”

“அது என் வேலை.”

“என் அப்பா அந்தப் பத்திரிகையை வாசிப்பவர். அதனால் அப்படிச் சொன்னேன். ஒரு தடவை சொன்னால் பிறகு அதையே சொல்ல வேண்டியிருக்கிறது. யாருக்கும் காயமில்லாத பொய்தானே.”

“அந்தப் பெண் இந்த ஊரில்தான் இருக்கிறாள்.”

முகம் மலர்ந்தது. நடிப்பு இல்லை என்றே நினைக்கிறேன். “அப்படியா! கட்டாயம் அழைத்து வாருங்கள். அவளுக்கு ஒரு புகைப்படத்தில் கையெழுத்துப் போட்டுத் தருகிறேன்.”

தேறாத பையனுக்கும் மறுதேர்வு ஒன்று வைப்பது என் வழக்கம். வைத்தேன். “சனிக்கிழமை யாராவது இதைக் கேட்பார்கள். அப்போது நீங்கள் உண்மையைச் சொல்லலாம்.”

என் கையைத் தட்டிக்கொடுத்தாள். “ஐம்பது வருடமாகச் சொல்லும் கதை. அதை எந்த இடத்தில் நிறுத்தினால் மக்கள் சிரிப்பார்கள் என்றுகூட எனக்குத் தெரியும்.”

டிசம்பர் 15, ஞாயிறு

நேற்று நடந்ததைக் காலையில் உட்கார்ந்து எழுதுகிறேன்.

அக்கா தானாகவே கிளம்பினாள். அரக்கு நிறப் பட்டு, தலையில் கொஞ்சம் கனகாம்பரம். சினிமாக் கொட்டகைக்குள் அவள் நுழைந்து நாற்பத்தொன்பது வருடமாகிறது. பின்னால் உட்கார் என்றேன். இரண்டாவது வரிசையில் போய் உட்கார்ந்தாள். அவளுக்கு நேர் முன்னால் லூர்துநாதன், மார்பில் மூன்று பதக்கத்தோடு.

முந்நூறு பேர் இருப்பார்கள். பிரெஞ்சுக்காரர்கள் நாற்பது பேர், அவர்களுக்குத் தமிழ் தெரியாது. இரண்டும் தெரிந்தவர்கள் இருபது பேர் தேறுவார்கள். எல்லாம் எங்கள் ஊர்ப் பழைய குடும்பங்கள். யார் யார் என்று மேடையிலிருந்தே எண்ணிவைத்துக்கொண்டேன்.

ஒரு மணி நேரம் பேசினாள். ஒரு சொல் விடாமல் தமிழில் சொன்னேன். படமில்லாத நான்கு வருடங்களைப் பற்றி, ‘தொலைபேசி அடித்தால் தவறான எண்ணாகத்தான் இருக்கும்’ என்று அவள் சொன்னதுகூட எனக்குச் சுவையாகவே தமிழில் வந்தது. ஜனங்கள் சிரித்தார்கள்.

பிறகு லூர்துநாதனே எழுந்தார். பிரெஞ்சில் கேட்டார். “மதாம், அந்தக் கடற்கரைக் காட்சியின் ரகசியம் என்ன?” கேட்டுவிட்டு என்னைப் பார்த்துக் கண்ணடித்தார்.

அவள் சிரித்தாள். மைக்கை வாங்கிக்கொண்டு, என்னைப் பாராமலே சொன்னாள். “உலகம் முழுக்க அந்த முதுகைப் பற்றித்தான் என்னைக் கேட்கிறார்கள். உங்களை ஏமாற்ற வேண்டியிருக்கிறது. அது என்னுடையது அல்ல. இந்த ஊர்ச் சின்னப் பெண் ஒருத்தியுடையது. என்னைவிடத் துணிச்சல்காரி! அவள் நன்றாக வாழ்ந்திருப்பாள் என்று நம்புகிறேன்.”

பிரெஞ்சுக்காரர்கள் அவள் நினைத்த இடத்தில் சரியாகச் சிரித்தார்கள். பிறகு எல்லாரும் என்னைப் பார்த்தார்கள்.

அக்காவும் பார்த்தாள். 1975-இல் அவள் கதவோரமாக நின்றிருந்தாள். அப்போது நான் அவளைப் பார்க்கவில்லை.

நான் சொன்னேன்: “உலகம் முழுக்க அந்த முதுகைப் பற்றித்தான் என்னைக் கேட்கிறார்கள். இந்த ஊரில் வைத்தாவது உண்மையைச் சொல்ல வேண்டும். அது என்னுடையது. வீட்டுக்குப் பயந்து, எனக்காக விளக்குக்கு நின்ற பெண்மேல் பழியைப் போட்டேன். அவள் பெயர் அமலோற்பவம். அவள் எழுதிய மூன்று கடிதத்துக்கும் நான் பதில் எழுதவில்லை. அவள் என்னைவிடத் துணிச்சல்காரி.”

முதல் வரிக்குப் பிறகு துணிச்சல்காரி என்பதை மட்டும்தான் சரியாக மொழிபெயர்த்தேன்.

பின்வரிசையில் ஒரு பெண் கைதட்டினாள். பிறகு கொட்டகை முழுக்கத் தட்டியது. சொலாஞ் வெர்தியே தன் நகைச்சுவைக்குத்தான் இவ்வளவு கைதட்டல் என்று நினைத்து, நெஞ்சில் கை வைத்துத் தலைகுனிந்தாள். பார்த்தவர்களுக்கு அது மன்னிப்புக் கேட்பதுபோலவே இருந்தது. அவளுடைய ஐம்பது வருடத்தில் அதைவிடச் சிறந்த நடிப்பை நான் பார்த்ததில்லை.

லூர்துநாதன் தடியை ஊன்றி எழுந்தார். “நோ, நோ! அவுங்க அப்பிடிச் சொல்லல! அவுங்க சொன்னது...”

அக்கா முன்னால் சாய்ந்து அவர் தோளைத் தொட்டாள்.

“உக்காருங்க முசே. பின்னாடி இருக்கறவங்களுக்கு மறைக்குது.”

முப்பத்து நான்கு வருடம் ஊரே கேட்ட குரல் அது. அவர் திரும்பிப் பார்த்தார். அந்த இருபது பேரும் அவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அன்றைக்கு வீடு வீடாகப் பேசியது இந்தக் குடும்பங்கள்தான். ஒருவராவது வாயைத் திறக்கவில்லை. லூர்துநாதன் உட்கார்ந்தார். பதக்கங்கள் ஒன்றோடொன்று இடித்துக்கொண்டன.

படியிறங்கும்போது வேதபுரீசன் என் காதருகே வந்தார்.

“சார், நான் உங்க கிளாஸ்லயே மக்கு சார். எனக்கு ஒண்ணுமே புரியல.”

வீட்டுக்கு ஆட்டோவில் வந்தோம். கடற்கரைத் திருப்பத்தில் அக்கா கேட்டாள்.

“எத்தினி வரி நீயா சேத்த?”

“நாலு.”

“உன் பசங்க எழுதியிருந்தா என்ன போட்டிருப்ப?”

“சைபர்.”

தலையை ஆட்டினாள். காற்றில் கனகாம்பரம் ஆடியது.

“தட்டு மாத்துன அன்னைக்கு நூத்துக்கு நூறு வாங்கினே” என்றாள்.

டிசம்பர் 16, திங்கள்

தமிழ்ப் பத்திரிகையில் மூன்றாம் பக்கம்: ‘ஐம்பது ஆண்டுக்குப் பின் உண்மையை ஒப்புக்கொண்டார் பிரெஞ்சு நடிகை.’ அக்கா பெயரை எழுத்துப் பிழையில்லாமல் போட்டிருக்கிறார்கள். அவள் இரண்டு பிரதி வாங்கிவரச் சொன்னாள்.

நடிகை காலையில் சென்னைக்குக் கிளம்பினாள். ஓட்டல் வாசலில் இரண்டு கன்னத்திலும் முத்தமிட்டு, ஒரு புகைப்படம் கொடுத்தாள். ‘என் குரலாக இருந்தவருக்கு, நேர்மைக்கு நன்றியுடன்.’

அக்கா வாங்கிப் பார்த்தாள். மோர்ச் சட்டியின் மூடி புயலில் உடைந்திருந்தது. இப்போது புகைப்படம்தான் அதற்கு மூடி, அளவு பொருந்துகிறது.

டிசம்பர் 22, ஞாயிறு

அக்கா எட்டு மணிப் பெரிய பூசைக்குப் போனாள். திரும்பிவரப் பத்தரை ஆனது. வழியில் நான்கு பேர் நிறுத்திப் பேசினார்களாம். கொட்டகையில் வாயைத் திறக்காத அந்த இருபது பேரில் இரண்டு பேர் அதில் உண்டு.

கிறிஸ்துமஸுக்கு முன் எல்லாரும் பாவசங்கீர்த்தனம் செய்ய வேண்டும். நான் வருடா வருடம் 1975-ஐத்தான் சொல்வேன். அக்காவுக்கு வினையாகும் ஒன்றை யோசிக்காமல் வாசித்தேன் என்பேன். சாமியார்கள் மாறிக்கொண்டே இருக்கிறார்கள், பாவம் அதேதான். ‘அது பாவமே இல்லை, போ’ என்று அனுப்பிவிடுவார்கள்.

இந்த வருடம் சொல்வதற்கு ஒரு நிஜமான பாவம் இருக்கிறது. முந்நூறு பேர் முன்னால், தெரிந்தே, ஒருத்தியின் வாயில் அவள் சொல்லாத வார்த்தைகளை வைத்தேன். மண்டியிட்டு உட்கார்ந்தேன். ஆனால் பாவத்தைச் சொன்னால் மட்டும் போதாது, அதற்காக வருந்த வேண்டும். வரிசையில் பின்னால் இருந்தவர்கள் செருமும்வரை வருத்தம் வருகிறதா என்று காத்திருந்தேன்.

வரவில்லை. எழுந்து வந்துவிட்டேன்.

வழியில் அக்கா கேட்ட வஞ்சிரம் வாங்கினேன்.